விளக்கைப் போட்டால் காலம் நிற்குமா?

இந்த வாரம் அரசியல் இல்லை, சினிமா இல்லை, மூட்டு வலிக்கு வைத்தியமும் இல்லை. என் தொடர்கதை ஆரம்பித்த நாளிலிருந்து அதில் வருகிற 'ஒளிக்கட்டு' பற்றி வந்த கேள்விகளை எல்லாம் தனியாக ஒரு மஞ்சள் பையில் போட்டு வைத்திருந்தேன். பை கிழிந்துவிட்டது. அதனால் இந்த முறை அதற்கு மட்டும்தான் பதில்.

கதையை நடுவில் பிடிக்கிறவர்களுக்காக நாலு வரி. ஏற்காடு மலைப்பாதையில் பதினான்காவது கொண்டை ஊசி வளைவில் காலம் வழுக்குகிறது. பனிமூட்டம் இறங்குகிற ராத்திரிகளில் அதைத் தாண்டுகிறவர்களுக்குப் பத்து நிமிஷம்தான் போயிருக்கும், ஆனால் அடிவாரத்தில் மூன்று நாள் ஓடியிருக்கும். காபித் தோட்டத்தில் பழம் பறித்தே வயதாகிப்போன ஒரு பாட்டி மூன்று நிறக் கண்ணாடி விளக்குகளை வைத்து அந்த இடத்தைக் கட்டுகிறார், அதுதான் ஒளிக்கட்டு. சிவப்பு, நடந்து முடிந்ததைப் பிடித்துக்கொள்ளும். நீலம், வரப்போவதை வாசலிலேயே நிற்க வைக்கும். மஞ்சள், நடுவில் இருக்கிற 'இப்போது' என்பதை ஆடாமல் வைக்கும். இதற்குக் கூலி உண்டு. ஒவ்வொரு கட்டுக்கும் கட்டியவர் கண்ணிலிருந்து ஒரு நிறம் போய்விடும். பாட்டிக்கு இப்போது பச்சை தெரியாது, காபித் தோட்டத்தில் உட்கார்ந்துகொண்டு பச்சை தெரியாமல் இருப்பது எப்படி இருக்கும் என்று யோசித்துக்கொள்ளுங்கள். எல்லாம் நான் கட்டிய கதை, தயவுசெய்து யாரும் பதினான்காவது வளைவில் வண்டியை நிறுத்தித் தேட வேண்டாம், பின்னால் வருகிற பஸ்ஸுக்குப் பிரேக் பிடிக்க இடம் இருக்காது.

காலத்தையே கட்டுகிற பாட்டி, லாரி மோதி இறந்த சொந்த மகனை ஏன் காப்பாற்றவில்லை? ஒரு நாள் பின்னால் தள்ளியிருக்கலாமே? அதைப் படித்த ராத்திரி எனக்குத் தூக்கமே இல்லை.
– அம்மாபேட்டையிலிருந்து ஒரு வாசகி

அம்மா, இதே கேள்வியை நிறையப் பேர் கேட்டிருக்கிறார்கள், திட்டாமல் கேட்டவர் நீங்கள் ஒருவர்தான். பாட்டிக்குக் காலத்தைப் பின்னால் தள்ளத் தெரியாது, நிறுத்தவும் தெரியாது. அவருக்குத் தெரிந்ததெல்லாம் அதை ஆடாமல் வைத்திருக்க மட்டும்தான்.

உங்கள் ஊரிலேயே உதாரணம் இருக்கிறது. சேலம் செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளி நிறுக்கிற இடத்தில் நல்ல தராசைக் கண்ணாடிக் கூண்டுக்குள் வைத்திருப்பார்கள். மேலே ஃபேன் ஓடினாலே எடை ஆடும், கொலுசுப் பட்டறைக்காரருக்கு அந்த ஆட்டம் காசு. கூண்டின் கதவைச் சாத்திவிட்டுக் கொஞ்சம் பொறுத்தால் நிலைக்கும். அந்தக் கதவு வெள்ளியைக் கூட்டவும் இல்லை குறைக்கவும் இல்லை. காற்றை வெளியே வைத்தது, அவ்வளவுதான் அதன் வேலை. கை எலும்பு முறிந்தால் மூங்கில் சிம்பு வைத்துக் கட்டுகிறார்களே, அதையும் கட்டு என்றுதான் சொல்கிறோம். கட்டு எலும்பை ஒட்டவைப்பதில்லை, எலும்பு தானாக ஒட்டுகிறவரைக்கும் அசையாமல் பார்த்துக்கொள்கிறது. ஒளிக்கட்டு என்று பெயர் வைத்தபோது என் மனதில் இருந்தது அந்தக் கட்டுதான்.

இன்னொரு காரணமும் இருக்கிறது, கொஞ்சம் சுயநலமானது. பாட்டியால் மகனைத் திரும்பக் கொண்டுவர முடியும் என்று வைத்தால் கதை மூன்றாவது வாரமே முடிந்திருக்கும். அதற்கப்புறம் அந்த மலையில் யார் செத்தாலும் வாசகர் கவலைப்பட மாட்டார், "பாட்டி இருக்காங்கல்ல" என்று பக்கத்தைப் புரட்டிவிடுவார்.

22 வருஷமாக லேத் ஓட்டுகிறேன். ட்யூப்லைட் வெளிச்சத்தில் சில நேரம் ஓடுகிற சக் அப்படியே நிற்கிற மாதிரி தெரியும். ஒளிக்கட்டை எங்கள் பட்டறையிலிருந்துதான் எடுத்தீர்களா?
– ஐந்து ரோடு பக்கம் பட்டறை வைத்திருக்கும் வாசகர்

எடுத்தது வேறு இடத்தில், ஆனால் எடுத்திருக்க வேண்டிய இடம் உங்கள் பட்டறைதான். அண்ணா, இந்த ஒரு வரியைப் படித்துவிட்டு அரை மணி நேரம் எழுந்து நடந்தேன்.

மற்றவர்களுக்காகக் கணக்கைச் சொல்லிவிடுகிறேன். சக் என்பது லேத்தில் வேலைப் பொருளைத் தாடைகளால் கவ்விக்கொண்டு சுழலுகிற பிடி. நம் வீட்டுக் கரண்ட் வினாடிக்கு 50 சுற்று, ஒவ்வொரு சுற்றிலும் விளக்கு இரண்டு முறை ஏறி இறங்கும், ஆக பழைய சோக் வைத்த ட்யூப்லைட் வினாடிக்கு 100 முறை மின்னுகிறது. நம் கண்ணுக்கு அது தெரியாது. இப்போது நாலு தாடை சக் நிமிஷத்துக்கு 1500 சுற்று ஓடுகிறது என்று வையுங்கள். வினாடிக்கு 25 சுற்று, நாலு தாடை, பெருக்கினால் 100. விளக்கு ஒவ்வொரு முறை பளிச்சிடும்போதும் அதே இடத்தில் ஏதோ ஒரு தாடை வந்து நிற்கிறது, கண் அதைப் பார்த்துவிட்டு "சக் ஓடவில்லை" என்று தீர்ப்பு எழுதிவிடுகிறது. மூன்று தாடை சக்காக இருந்தால் இதே கூத்து 2000 சுற்றில் நடக்கும். வேகம் ஒரு துளி குறைந்தால் சக் மெதுவாகப் பின்பக்கம் உருளுகிற மாதிரி இருக்கும், அது இன்னும் பயங்கரம்.

வேடிக்கையாகச் சொல்கிறேனே தவிர விஷயம் விளையாட்டு இல்லை, நிற்கிறது என்று நினைத்துக் கையை வைத்தால் விரல் போய்விடும். அதனால்தான் மெஷினுக்கு மேலே தனியாக ஒரு குண்டு பல்பு போடச் சொல்வார்கள், அதன் இழை சூட்டோடேயே இருப்பதால் அணைந்து அணைந்து எரியாது. அடுத்தடுத்த ட்யூப்லைட்டுகளை வேறு வேறு ஃபேஸில் கொடுப்பதும் அதற்குத்தான், ஒன்று மங்கும்போது இன்னொன்று எரியும். எல்இடி மாற்றிவிட்டேன், தப்பித்தேன் என்று இருந்துவிடாதீர்கள், மலிவான எல்இடியும் இப்படித்தான் மின்னும்.

இதே வித்தையைக் கார் மெக்கானிக் வேண்டுமென்றே செய்வார். டைமிங் லைட்டை ஓடுகிற எஞ்சினின் ஃப்ளைவீல் குறி மேல் அடித்தால் குறி அசையாமல் நிற்கும், அதைப் பார்த்து இக்னிஷனைச் சரி செய்வார். நீங்கள் சொன்னதை வைத்துப் பார்த்தால் பாட்டியின் விளக்குகள் தொடர்ந்து எரியவே கூடாது, காலம் எந்தத் தாளத்தில் வழுக்குகிறதோ அந்தத் தாளத்தில் மினுக்க வேண்டும். அடுத்த அத்தியாயத்தில் பாட்டி விளக்குக்கு முன்னால் விசிறியை ஆட்டினால் அது உங்கள் புண்ணியம்.

மலை மேலே நேரம் வேகமாக ஓடும் என்று எங்கள் சயின்ஸ் மிஸ் சொன்னார். அப்படியென்றால் ஏற்காட்டில் இருப்பவர்களுக்குச் சீக்கிரம் வயதாகிவிடுமா?
– அஸ்தம்பட்டி, ஒன்பதாம் வகுப்பு மாணவி

மிஸ் சொன்னது நூற்றுக்கு நூறு சரி. பூமியின் ஈர்ப்பிலிருந்து எவ்வளவு மேலே போகிறோமோ அவ்வளவு கடிகாரம் வேகமாக ஓடும், ஐன்ஸ்டைன் சொன்னது, அப்புறம் பல முறை அளந்து பார்த்தாகிவிட்டது. சேலத்தைவிட ஏற்காடு ஏறக்குறைய 1200 மீட்டர் உயரம். கணக்குப் போட்டால் வருஷத்துக்கு 4 மைக்ரோ வினாடி, அதாவது ஒரு வினாடியைப் பத்து லட்சம் துண்டாக்கி அதில் நாலு துண்டு. ஒருவர் ஆயிரம் வருஷம் ஏரிக்கரையிலும் இன்னொருவர் ஆயிரம் வருஷம் கோரிமேட்டிலும் உட்கார்ந்திருந்தால்கூட வித்தியாசம் ஒரு கண் சிமிட்டலில் சின்னத் துணுக்கு. உங்கள் ஏற்காட்டு அத்தைக்கு நரைத்தால் அதற்கு ஐன்ஸ்டைன் பொறுப்பில்லை.

ஆனால் இந்தத் துணுக்கைத் தள்ளிவிடவும் முடியாது பாப்பா. போனில் வழி காட்டுகிறதே ஜிபிஎஸ், அதன் செயற்கைக்கோள் கடிகாரங்கள் நாளுக்கு 38 மைக்ரோ வினாடி முந்தி ஓடும். அதைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் கிலோமீட்டர் கணக்கில் வழி தப்பும். கதையில் பத்து நிமிஷத்தை மூன்று நாளாக்கியது நான், இயற்கை அவ்வளவு தாராளம் கிடையாது.

மஞ்சள் ஒளி பனியைத் துளைத்துக்கொண்டு போகும் என்று ஏழாவது அத்தியாயத்தில் எழுதியிருக்கிறீர்கள். 31 ஆண்டுகள் இயற்பியல் நடத்தியவன் என்ற முறையில் சொல்கிறேன், இது தவறு.
– ஓய்வுபெற்ற ஆசிரியர், ஃபேர்லேண்ட்ஸ்

ஐயா, தவறுதான். ஒத்துக்கொள்கிறேன்.

வானம் ஏன் நீலம் என்பதற்குச் சொல்கிற காரணத்தை அப்படியே தூக்கிக்கொண்டு போய் மூடுபனியில் வைத்துவிட்டேன். காற்றின் மூலக்கூறுகள் ஒளியின் அலைநீளத்தைவிட மிகமிகச் சின்னவை, அதனால் அவை நீலத்தை அதிகமாகச் சிதறடிக்கும், சிவப்பை விட்டுவிடும். மூடுபனியில் இருப்பது தண்ணீர்த் துளி, அது ஒளியின் அலைநீளத்தைவிடப் பல மடங்கு பெரியது. அதற்கு நீலமும் ஒன்றுதான் மஞ்சளும் ஒன்றுதான், எல்லாவற்றையும் ஏறக்குறைய ஒரே மாதிரி சிதறடிக்கும். அதனால்தான் பனி வெள்ளையாக இருக்கிறது, இதைக்கூட யோசிக்காமல் எழுதியிருக்கிறேன். மலைப்பாதையில் ஓடுகிற வண்டிகளில் மஞ்சள் விளக்கு மாட்டுவது பழக்கம், கண்ணுக்கு அது கொஞ்சம் இதமாக இருக்கலாம். உண்மையில் உதவுவது அந்த விளக்கு தாழ்வாக மாட்டப்பட்டிருப்பதுதான். மேலே இருந்து அடித்தால் பனி அந்த வெளிச்சத்தை நம் கண்ணிலேயே திருப்பி எறியும், கீழே இருந்து சாலையை ஒட்டி அடித்தால் அவ்வளவு திரும்பாது.

கதையில் எப்படிச் சரி செய்வது என்று யோசித்தேன். பாட்டி மஞ்சள் விளக்கைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடிப்பதாக எழுதியிருந்தேன், இனிமேல் கணுக்கால் உயரத்தில் பிடிப்பார். வயதான காலத்தில் குனிந்து நடக்க வைக்கிறீர்களே என்று யாராவது கேட்டால் உங்கள் பெயரைச் சொல்லிவிடுவேன்.

என் மாமியார் உங்கள் தொடரைப் படித்துவிட்டு, எங்களுக்கு நேரம் சரியில்லை, ஏழரை நடக்கிறது என்று சொல்லிப் படுக்கை அறையில் நீல பல்பு மாட்டிவிட்டார். ராகு காலத்தில் மட்டும் சிவப்பு. நான் என்ன செய்ய?
– பெயர் வேண்டாம், சூரமங்கலம்

சிரித்துவிட்டேன், மன்னித்துவிடுங்கள் தங்கச்சி.

தப்பு நம் பாஷையில் இருக்கிறது. கடிகாரம் காட்டுவதையும் நேரம் என்கிறோம், தலையெழுத்தையும் நேரம் என்கிறோம். பாட்டி கட்டுவது முதல் நேரத்தை, அத்தை கட்டப் பார்ப்பது இரண்டாவதை. அதற்கு என்னிடம் விளக்கு இல்லை என்று அவரிடமே சொல்லுங்கள், நானே சொன்னதாக.

ராகு காலம் பற்றி ஒரு சின்ன விஷயம், இதைச் சொன்னால் அத்தைக்கு உங்கள் மேல் மரியாதை கூடலாம். சூரிய உதயத்திலிருந்து அஸ்தமனம் வரைக்கும் உள்ள பொழுதை எட்டாகப் பிரித்து அதில் ஒரு பங்கைத்தான் ராகு காலம் என்று வைத்தார்கள். காலண்டரில் திங்கள் ஏழரை முதல் ஒன்பது என்று அச்சடிப்பது, சூரியன் சரியாக ஆறு மணிக்கு உதிக்கும் என்று வைத்துக்கொண்டு. நம் கடிகாரம் ஓடுவது கிழக்கே எண்பத்திரண்டரை டிகிரியில் போகிற கோட்டை வைத்து, சேலம் அதற்கு மேற்கே நாலு டிகிரிக்கும் மேல் தள்ளி இருக்கிறது. ஜனவரி கடைசியில் இங்கே சூரியன் எட்டிப் பார்க்கவே ஆறு நாற்பதை ஒட்டி ஆகிவிடும். ஆக அத்தை சிவப்பு பல்பு போடுகிற நேரமும் ராகுவின் நேரமும் பொருந்தவே பொருந்தாத நாள்கள் வருஷத்தில் ஏராளம்.

ஒரே ஒரு விஷயத்தில் நான் உங்கள் கட்சி, படுக்கை அறையில் நீலம் வேண்டாம். நம் கண்ணுக்குள்ளே பார்வைக்கு இல்லாமல் பகலா இரவா என்று உடம்புக்குச் சொல்வதற்கென்றே சில செல்கள் இருக்கின்றன, அவை நீல ஒளிக்குத்தான் அதிகம் விழிக்கும். ராத்திரியில் நீலம் பட்டால் உடம்பு இன்னும் பொழுது இருக்கிறது என்று நினைத்துக்கொண்டு தூக்கத்தைத் தள்ளிப்போடும். கொஞ்ச நாள் போனால் வீட்டில் எல்லோருக்கும் தூக்கம் கெட்டு, சிடுசிடுத்து, நேரம் சரியில்லை என்பது உண்மையாகவே ஆகிவிடும். அந்த இரண்டு பல்பையும் இடம் மாற்றச் சொல்லுங்கள், சிவப்பு படுக்கை அறைக்கு வரட்டும்.

நிறம் உள்ள ஒளியால் காலத்தை நிலைப்படுத்துவது என்பது முழுக்கக் கற்பனையா? கொஞ்சமாவது அடிப்படை உண்டா?
– எம்.எஸ்ஸி. மாணவர், ஓமலூர்

இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தேன். மந்திரம் கற்பனை. ஆனால் உலகத்தில் இன்றைக்கு இருக்கிற மிகத் துல்லியமான கடிகாரங்கள் எப்படி வேலை செய்கின்றன என்று படித்தபோது, நான் எழுதிய மந்திரம் சாதுவாகத் தெரிந்தது.

1967 முதல் ஒரு வினாடி என்பது சீசியம் அணு உமிழ்கிற ஒரு குறிப்பிட்ட அலையின் 9,192,631,770 அதிர்வுகள். அது மைக்ரோவேவ், கண்ணுக்குத் தெரியாது, நிறம் கிடையாது. அடுத்த தலைமுறைக் கடிகாரங்கள் கண்ணுக்குத் தெரிகிற ஒளிக்கு வந்துவிட்டன, அதில் ஒன்று ஸ்ட்ரான்ஷியம். தீபாவளி மத்தாப்பில் சிவப்பு வருவது இதன் உப்பால்தான். சூடாக ஓடித் திரிகிற ஸ்ட்ரான்ஷியம் அணுக்களை முதலில் நீல லேசர் வைத்து எல்லாப் பக்கத்திலிருந்தும் அடித்து வேகத்தைக் குறைக்கிறார்கள், அதன் அலைநீளம் 461 நானோமீட்டர். அப்புறம் சிவப்பு லேசர், 689. அதற்குள் அணு ஏறக்குறைய அசையாமல் ஆகிவிடும். ஒளி பட்டால் பொருள் சூடாகும் என்றுதானே நமக்குத் தெரியும்? இங்கே ஒளி குளிர வைக்கிறது. லேசரால் அணுவைக் குளிர்வித்துப் பிடிக்கிற இந்த வழியைக் கண்டவர்களுக்கு 1997இல் நோபல் கிடைத்தது.

இப்போது ஒரு சிக்கல். அசையாத அணுவை அங்கேயே பிடித்து வைக்க இன்னொரு லேசரால் வலை பின்ன வேண்டும், ஆனால் அந்த வலையின் ஒளியே அணுவின் துடிப்பைக் கொஞ்சம் மாற்றிவிடும். பிடித்தால் கெட்டுப்போகும், பிடிக்காவிட்டால் ஓடிவிடும். ஜப்பானியர் ஹிதெதோஷி கடோரி இதற்கு ஒரு வழி சொன்னார். குறிப்பிட்ட ஒரு நிறத்தில் பின்னினால் எந்த இரண்டு ஆற்றல் நிலைகளுக்கு நடுவில் அணு துடிக்கிறதோ அந்த இரண்டும் ஒரே அளவு நகரும், இரண்டுக்கும் நடுவில் உள்ள இடைவெளி மாறாது, துடிப்பு கெடாது. ஸ்ட்ரான்ஷியத்துக்கு அது 813 நானோமீட்டர், சிவப்புக்கும் அப்பால். இதற்கு இயற்பியலாளர்கள் வைத்திருக்கிற பெயரைத் தமிழில் சொன்னால் 'மாய அலைநீளம்'. நானாக வைத்த பெயர் இல்லை, சத்தியமாக.

கடைசியாக 698 நானோமீட்டர் சிவப்பால் துடிப்பை எண்ணுகிறார்கள். நீலம் வேகத்தைத் தடுக்கிறது, சிவப்பு அமைதிப்படுத்துகிறது, நடுவில் ஒரு நிறம் கெடுக்காமல் பிடிக்கிறது. பாட்டியின் மூன்று விளக்கை நான் எழுதி முடித்து மூன்று மாசம் கழித்துத்தான் இதைப் படித்தேன் என்றால் நம்புவீர்களா? நம்ப வேண்டாம், எனக்கே சந்தேகமாக இருக்கிறது, எப்போதோ எங்கேயோ படித்து மறந்திருப்பேன். இந்தக் கடிகாரங்களும் காலத்தை நிறுத்துவதில்லை என்பதைக் கவனியுங்கள். எண்ணிக்கை தடுமாறாமல் பார்த்துக்கொள்கின்றன. கடோரியின் குழு 2020இல் டோக்கியோவில் ஒரு கோபுரத்தில் 450 மீட்டர் வித்தியாசத்தில் இப்படி இரண்டு கடிகாரங்களை வைத்து, மேலே இருந்தது வேகமாக ஓடுவதை அளந்து காட்டியது. அஸ்தம்பட்டிப் பாப்பா, இதையும் மிஸ்ஸிடம் சொல்.

கதையில் 1902ஆம் வருஷப் பகுதியில் துரையின் கடிகாரத்துக்கும் நிழல் கடிகாரத்துக்கும் 17 நிமிஷம் வித்தியாசம் என்று வருகிறதே?
– ரயில்வேயில் இருந்தவர், ஜங்ஷன்

மாட்டிக்கொண்டேன். நிழல் கடிகாரம் காட்டுவது சேலத்துச் சூரியனின் நேரம். அதற்கும் இன்றைய இந்திய நேரத்துக்கும் உள்ள வித்தியாசம்தான் அந்த 17 நிமிஷம், அந்த இந்திய நேரம் வந்தது 1906இல். 1902இல் ரயில்கள் ஓடியது மெட்ராஸ் நேரத்துக்கு, துரையும் ஸ்டேஷனைப் பார்த்துத்தான் திருகி வைத்திருப்பார். அப்படியானால் எட்டு, ஒன்பது நிமிஷம்தான் வரும். புத்தகமாக வரும்போது திருத்திவிடுகிறேன்.

சிவப்பு விளக்கு காலத்தைப் பிடித்துக்கொள்கிறது, சரி. விடுவிப்பது எது? அதை நீங்கள் எழுதவே இல்லை. நான் சாமந்தி போடுகிறவன், அதனால் கேட்கிறேன்.
– ஓசூர் பக்கத்திலிருந்து ஒரு விவசாயி

சாமந்தி என்று படித்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். ஓசூர் பக்கம் ராத்திரியில் போனால் தோட்டத்தில் வரிசையாக பல்பு எரிவதைப் பார்க்கலாம், கல்யாண வீடு என்று நினைத்து ஏமாந்தவன் நான். சாமந்தி இரவின் நீளத்தை எண்ணுகிற செடி. இரவு நீண்டால் பூக்கும். நடு ராத்திரியில் கொஞ்ச நேரம் விளக்கைப் போட்டு இரவை இரண்டாக உடைத்துவிட்டால், இன்னும் காலம் வரவில்லை என்று இலையும் தண்டுமாக வளர்ந்துகொண்டே இருக்கும். விலை வருகிற சமயம் பார்த்து விளக்கை அணைத்தால் மொட்டு வைக்கும். இதில் அதிகம் வேலை செய்கிற நிறம் சிவப்பு.

விடுவிக்கிற நிறமும் இருக்கிறது. அமெரிக்காவில் போர்த்விக், ஹென்ட்ரிக்ஸ் என்பவர்களின் குழு 1952இல் லெட்யூஸ் கீரை விதையை வைத்துக் கண்டது. சிவப்பு ஒளி காட்டினால் விதை முளைத்தது. அதற்கப்புறம் தொலைசிவப்பு, அதாவது நம் கண் கடைசியாக மங்கலாகப் பார்க்கிற சிவப்பு, அதைக் காட்டினால் முளைக்கவில்லை. மாற்றி மாற்றி எத்தனை முறை காட்டினாலும் கடைசியாகக் காட்டிய நிறம் எதுவோ அதைத்தான் விதை கேட்டது. செடிக்குள் இருக்கிற ஒரே பொருள் சிவப்பில் ஒரு உருவமும் தொலைசிவப்பில் இன்னொரு உருவமும் எடுக்கிறது, ஃபைட்டோகுரோம் என்று பெயர்.

பாட்டியிடம் நாலாவதாக ஒரு விளக்கு இருந்தாக வேண்டும் என்று இப்போது புரிகிறது. கட்டை அவிழ்க்கிற விளக்கு, எரிகிறதா இல்லையா என்றே பக்கத்தில் நிற்பவருக்குத் தெரியாத அளவு மங்கிய சிவப்பு. இதை நான் யோசித்திருக்க வேண்டும். நீங்கள் யோசித்துவிட்டீர்கள். பூ விலை ஏறட்டும்.

இந்த யோசனை எங்கே பிடித்தது? உண்மையைச் சொல்லவும்.
– ஏற்காட்டிலிருந்து ஒரு வாசகி

இரண்டு இடத்தில். முதலாவது, சின்ன வயதில் எங்கள் தெருவில் இருந்த போட்டோ ஸ்டுடியோவின் இருட்டறை. கறுப்பு வெள்ளைத் தாளுக்குச் சிவப்பு தெரியாது, அதனால் உள்ளே சிவப்பு பல்பு மட்டும்தான் எரியும். தட்டில் இருக்கிற தாளில் ஒரு முகம் மெல்ல மேலே வரும், இன்னும் கொஞ்சம் விட்டால் கறுத்துப்போகும், சரியான சமயத்தில் எடுத்து ஹைப்போவில் போட்டால் அப்படியே நிற்கும். அந்தச் சிவப்பு வெளிச்சம் இருக்கிற வரைக்கும் வெளியே இருக்கிற நேரம் உள்ளே வராது என்று நினைத்துக்கொண்டிருந்தேன். கதவைத் திறந்து ஒரு பெட்டி தாளையும் கெடுத்து அடி வாங்கினேன், அது வேறு கதை.

இரண்டாவது, உங்கள் ஊர்தான். லேடீஸ் சீட்டிலிருந்து ராத்திரியில் சேலத்தைப் பார்த்திருப்பீர்கள். முன்பெல்லாம் கீழே முழுக்க மஞ்சளாக இருக்கும், சோடியம் விளக்கு. அந்த விளக்கின் அடியில் நின்று பார்த்தால் சிவப்புப் புடவையும் பச்சைப் புடவையும் ஏறக்குறைய ஒரே அழுக்கு நிறம், வெளிச்சம் இருந்தும் நிறம் இல்லாத ஊர். பாட்டி கண்ணிலிருந்து நிறம் போவது அங்கேயிருந்துதான் வந்தது. இப்போது தெருவெல்லாம் பெரும்பாலும் வெள்ளை எல்இடி ஆகிவிட்டது, போன மாசம் மேலே போய்ப் பார்த்தபோது எனக்கு ஊர் அடையாளம் தெரியவில்லை. அப்புறம், திரும்பி வரும்போது ஏற்காடு ரோட்டில் மாடர்ன் தியேட்டர்ஸ் வளைவு. தமிழின் முதல் முழுநீள வண்ணப்படத்தை 1956இல் வெளியிட்ட கம்பெனி அது. நிறத்தை வைத்து ஒரு கதை எழுதுகிற சேலத்துக்காரன் அதைத் தாண்டும்போது வண்டியின் வேகத்தைக் குறைக்காமல் போக முடியுமா?

பதினான்காவது வளைவில் தினமும் நாலு நடை போகிறோம், எங்களுக்கு ஒரு நாளும் காலம் வழுக்கவில்லை. ஆனால் சனி, ஞாயிறு டூரிஸ்ட் வண்டிக் கூட்டத்தில் மாட்டி அரை மணி நேரம் லேட்டாகிறது. அதற்குப் பாட்டியிடம் விளக்கு உண்டா?
– மலைப்பாதை பஸ் கண்டக்டர் ஒருவர்

பாட்டியைக் கேட்டுப் பார்த்தேன், கைவிரித்துவிட்டார். இந்த ஊரில் காலத்தை நிலைநிறுத்துகிற அதிகாரம் ஒருவரிடம்தான் இருக்கிறது, கையில் விசிலும் மேஜையில் ரிஜிஸ்டருமாகப் பஸ் ஸ்டாண்டில் உட்கார்ந்திருக்கிற டைம் கீப்பர். அவரிடம் பேசுங்கள். பேசும்போது அவர் தலைக்கு மேலே இருக்கிற கடிகாரம் ஓடுகிறதா என்று ஒரு பார்வை பார்த்துவிட்டு எனக்கு எழுதுங்கள், கடைசியாக நான் வந்தபோது நாலு பத்திலேயே நின்றுகொண்டிருந்தது.